இரண்டு தொப்பிக்காரரும் பெயரில்லாப் பெண்ணும்

1

என் மகளுக்குப் பெயர் இல்லை என்று அயர்லாந்து அரசாங்கம் எனக்குக் கடிதம் எழுதியது. மரியாதையான கடிதம்தான். தாங்கள் அனுப்பிய பிறப்புச் சான்றிதழில் ‘பெண் குழந்தை’ என்று மட்டுமே இருக்கிறது. தங்கள் வீட்டில் வசிக்கும் அனு என்பவர்தான் அந்தப் பெண் குழந்தை என்று நாங்கள் எப்படி அறிவது என்று கேட்டிருந்தார்கள். கூடவே இன்னொரு சந்தேகம். சான்றிதழில் ஊர் மெட்ராஸ், விண்ணப்பத்தில் ஊர் சென்னை. இவற்றில் எந்த ஊரில் அவர் பிறந்தார்?

உங்களுக்கு இது விளங்கும். நம் ஊரில் குழந்தை பிறந்ததும் ஆஸ்பத்திரிக்காரர்கள் மாநகராட்சிக்குத் தகவல் கொடுத்துவிடுவார்கள். அன்றைக்குக் குழந்தைக்குப் பெயர் இருக்காது. பெயர் என்பது பிறகு, இரண்டு பக்கத்து உறவினரும் சண்டை போட்டு ஓய்ந்த பிறகு, கோயிலிலோ சர்ச்சிலோ வைப்பது. வைத்த பெயரை மாநகராட்சிக்குப் போய்ச் சொல்ல வேண்டும் என்று யாருக்கும் தோன்றுவதில்லை. இப்படி மயிலாப்பூரிலும் தி. நகரிலும் பெரிய பெரிய வக்கீல்களும் டாக்டர்களும் சர்க்கார் கணக்கில் இன்னும் ‘ஆண் குழந்தை’யாகவே நடமாடிக்கொண்டிருக்கிறார்கள். ஊர் விஷயமும் அப்படித்தான். மெட்ராஸ் சென்னையாகிக் கொஞ்ச நாள்தான் ஆகியிருந்தது. அவ்வளவு பெரிய ஊர் பெயரை மாற்றிக்கொண்டபோது யாரும் அதனிடம் பிரமாணப் பத்திரம் கேட்கவில்லை.

கடிதத்தை நான் படித்தது கார்க் என்ற ஊரில், சமையலறை ஜன்னலோரம். வெளியே மழை. கார்க் மழையை நம் மழையோடு சேர்க்கக்கூடாது. நம் மழை வந்தால் வந்ததாகத் தெரியும். பள்ளிக்கூடம் லீவு விடுவார்கள். இந்த மழை காற்றில் தொங்கிக்கொண்டே இருக்கும், நனைந்தோமா இல்லையா என்று நமக்கே தெரியாது. ஏழு வருடமாக அதைப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். சில காலைகளில் ஜன்னல் கண்ணாடியில் மூச்சு படிந்து, அந்தப் பக்கம் தெரிவது எதிர்வீடா, சாந்தோம் கடலா என்று ஒரு நொடி குழம்பும். அந்த ஒரு நொடிக்காகவே கண்ணாடியைத் துடைக்காமல் விட்டுவைப்பேன். என் மனைவி ரெஜினா வந்து துடைத்துவிடுவாள்.

ரெஜினா இங்கே ஆஸ்பத்திரியில் மயக்கமருந்து டாக்டர். நான் அவளுடைய விசாவில் இணைப்பாக வந்தவன். ஊர் நூலகத்தில் எனக்கு ஒரு வேலை கொடுத்திருக்கிறார்கள்: பிறர் படித்துவிட்டுக் கொண்டுவரும் புத்தகங்களை அலமாரியில் திரும்ப வைப்பது. நிறையப் படித்தவன் என்பதால் ஒவ்வொன்றையும் திறந்து பார்த்துவிட்டு வைப்பேன். அதனால்தான் பதவி உயர்வு வரவில்லை என்று சொல்கிறார்கள்.

விஷயத்துக்கு வருகிறேன். பதினான்கு வயது அனு கால்பந்து ஆடுகிறாள். நன்றாகவே ஆடுகிறாள் போலிருக்கிறது. அயர்லாந்தின் இளையோர் பெண்கள் அணிக்கு அவளைக் கேட்டுவிட்டார்கள். ஆனால் அயர்லாந்துக்கு ஆட அயர்லாந்துக் குடியுரிமை வேண்டும். அது வந்தால் இந்தியக் குடியுரிமை போய்விடும். நம் சட்டத்தில் இரண்டையும் வைத்துக்கொள்ள முடியாது. ரெஜினா வேலைக்காகப் போன வருடமே மாறிவிட்டாள். குழந்தைக்கு மாற்ற, அம்மா கையெழுத்தோடு அப்பா கையெழுத்தும் வேண்டும். நான் இன்னும் போடவில்லை.

"மாத்திக்கறது பாஸ்போர்ட்டதான், ஞானஸ்நானத்த இல்ல," என்றாள் ரெஜினா. "ஏன் இப்படி மூஞ்ச தூக்கி வச்சிக்கிறே?"

கடிதத்தைக் காட்டினேன். பெயர் சேர்க்காமல் எதுவும் நகராது, பெயர் சேர்க்கச் சென்னைக்குப் போக வேண்டும், அங்கே ஆகிற காரியமா இது என்று முகத்தைத் தொங்கவிட்டுக்கொண்டேன். உள்ளுக்குள் ஒரு நிம்மதி. நம் மாநகராட்சி என்னைக் கைவிடாது.

2

பக்கத்து வீட்டில் டின்னி இருக்கிறார். எழுபதைத் தாண்டியவர். ஐம்பதை நெருங்கும் என்னைப் "பையா" என்று கூப்பிடுவார். கார்க்கில் ஆண்பிள்ளை எல்லோரும் பையன்தான், பாடையில் போகிறவர் உட்பட. அனு முதலில் பந்து உதைத்தது எங்கள் இரண்டு வீட்டுக்கும் பின்னால் உள்ள சந்தில். டின்னி தேநீர்க் கோப்பையோடு வாசலில் நின்று பார்ப்பார். எப்போதாவது ஒரு வார்த்தை சொல்வார்: "இன்னும் ஓரமாக." மறுநாளும் அதேதான். மூன்று வருடப் பயிற்சியில் அவர் வேறெதுவும் சொன்னதாக எனக்கு நினைவில்லை.

அவருடைய கதையைத் துண்டு துண்டாகச் சொன்னார். மழை விடாத ஊரில் கதைக்கு அவசரம் கிடையாது.

துறைமுகக் கூலியின் மகன். சிறுவயதில் அந்த மண்ணுக்கே உரிய மட்டைப் பந்தாட்டம் ஆடியவர். அந்த விளையாட்டை நடத்தும் சங்கத்துக்கு அப்போது ஒரு விதி. கால்பந்து அந்நிய விளையாட்டு. அதை ஆடுகிறவனுக்கு இங்கே இடமில்லை. ஆடுவது மட்டுமல்ல, வேடிக்கை பார்ப்பதும் குற்றம். ஆகவே வேடிக்கை பார்ப்பவர்களை வேடிக்கை பார்க்க ஒரு கண்காணிப்புக் குழு. மைதான வாசலில் தொப்பியை இறக்கிவிட்டுக்கொண்டு நிற்பார்களாம். கால்பந்து ஆடிய டின்னியைப் பிடித்தவர் ஆட்டத்தைக் கடைசிவரை பார்த்துவிட்டு, "நன்றாக ஆடினாய், பையா" என்று கைகுலுக்கிவிட்டுப் போய் எழுதிக் கொடுத்தார்.

பிறகு கப்பலேறி இங்கிலாந்து. லங்காஷயரில் ஒரு இரண்டாம் டிவிஷன் கிளப். நம்முடைய பழைய ஆட்டக்காரர்கள் லெஃப்ட் அவுட் என்பார்களே, அந்த இடது ஓரத்து இடம். இவ்வளவுக்கு மேல் ஆட்டக்காரனுக்குச் சம்பளம் தரக்கூடாது என்று அங்கே கட்டுப்பாடு இருந்த காலம். கோடைக்காலத்தில் அந்தச் சம்பளமும் குறையும். எனவே கோடையில் அதே மைதானத்தின் கம்பிவேலிக்குப் பெயின்ட் அடிக்கும் வேலையை வாங்கிக்கொண்டார். குளிர்காலத்தில் ரசிகர்கள் எந்தக் கம்பியில் சாய்ந்து அவருக்குக் கைதட்டினார்களோ அது அவர் அடித்த பச்சைதான்.

அந்த நாளில் அயர்லாந்து என்ற பெயரில் இரண்டு அணிகள். நாடு பிரிந்திருந்தது, சங்கமும் பெல்பாஸ்டில் ஒன்று, டப்ளினில் ஒன்று. இரண்டுமே தன்னை அயர்லாந்து என்றே சொல்லிக்கொண்டன, இரண்டுக்கும் பச்சைச் சட்டை, இரண்டும் தீவு முழுவதிலிருந்தும் ஆள் எடுத்தன. பெல்பாஸ்ட்காரர்கள் டின்னியைக் கூப்பிட்டார்கள். போய் ஆடினார், அரசரின் கீதத்துக்கு எழுந்து நின்றார். சில மாதம் கழித்து டப்ளின்காரர்கள் கூப்பிட்டார்கள். அங்கேயும் ஆடினார், குடியரசுக்காரர்களின் கீதத்துக்கு எழுந்து நின்றார். நாட்டுக்காக ஆடியவருக்கு அங்கே ஒரு தொப்பி கொடுப்பார்கள். வெல்வெட்டில், குஞ்சம் வைத்து. எந்த இடத்திலும் போட்டுக்கொண்டு போக முடியாத தொப்பி. டின்னியிடம் அப்படி இரண்டு.

அப்புறம் ஒரு நாள் சங்கக்காரர்களிடமிருந்து கேள்வி வந்தது. நீ எந்தப் பக்கம்? எழுதிக் கொடு.

"என்ன எழுதினீர்கள்?" என்று கேட்டேன்.

"எதுவுமில்லை. அதற்குள் முழங்கால் போய்விட்டது," என்று சிரித்தார்.

ஊர் திரும்பி ரொட்டி வண்டி ஓட்டினார். நோரா என்ற பெண்ணைக் கல்யாணம் செய்துகொண்டார். அந்தம்மாள் போன வசந்தத்தில் காலமானார். முதல் கிறிஸ்துமஸை அவர் அந்த வீட்டில் தனியாகக் கழிக்க வேண்டாம் என்று அனுதான் சொன்னாள். ரெஜினாவுக்கு அந்த வாரம் ஆஸ்பத்திரி முறை. ஆகவே, பெயரில்லாத ஒரு பெண், இரண்டு தொப்பிக்காரர் ஒருவர், கையெழுத்துப் போடாத ஒருவன் என்று மூன்று பேராகச் சென்னைக்கு விமானம் ஏறினோம்.

3

சாந்தோமில் எங்கள் அண்ணன் சேவியர் இருக்கிறான். கணக்கு வாத்தியார். அதைவிட முக்கியமாக, எங்கள் பங்கின் கால்பந்துப் போட்டிக் குழுவுக்கு நெடுநாளைய செயலாளர். மார்கழிக் காலை, தெருவில் இன்னும் ஈரம், கடல் பக்கமிருந்து மீன்வாடையும் யார் வீட்டு ரேடியோவோ பாடும் சத்தமும். டின்னி ஆட்டோவிலிருந்து இறங்கி, கம்பளிச் சட்டையைக் கழற்றி, மெதுவாக மூச்சை இழுத்து, "துறைமுகம்" என்றார். வீட்டுக்கு வந்துவிட்டவர் மாதிரி.

அண்ணன் அவருடைய இரண்டு கையையும் பிடித்துக்கொண்டான். "டின்னி சார், வாங்க வாங்க. லெஃப்ட் அவுட்டாமே நீங்க. நானும் லெஃப்ட் அவுட்தான் சார்." பிறகு என்னிடம், "சொல்லுடா அவருக்கு," என்றான். சொன்னேன். அண்ணன் ஆடியது பள்ளிக்கூட பி டீம் என்பதைச் சொல்லவில்லை.

அனுவின் தமிழ் கப்பலில் வந்த சரக்கு போல. பெட்டி சரியாக இருக்கும், உள்ளே கொஞ்சம் உடைந்திருக்கும். வீட்டுக்கு வந்த பங்குத் தந்தையைப் பார்த்து, "ஃபாதர், நீ உக்காரு, காப்பி குடி," என்றாள். அவர் உட்கார்ந்து குடித்தார். அண்ணி உள்ளே போய் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு சிரித்துவிட்டு வந்தாள்.

அன்று மாலை மொட்டைமாடியில் அண்ணன் பிடித்துக்கொண்டான்.

"இன்னாடா, பொண்ண அந்த ஊருக்கே எழுதிக் குடுத்துடப் போறியாமே?"

"இன்னும் ஒண்ணும் போடல அண்ணே."

"போட்டேன்னா அப்புறம் அவ இங்க வர்றதுக்கு விசா வாங்கணும்டா. பெரியப்பா வூட்டுக்கு வர்றதுக்கு விசா. கவுன்டர்ல நிக்க வச்சி, எதுக்குப் போறே, எவ்ளோ நாள் தங்குவேன்னு கேப்பான். யோசிச்சிப் பாத்தியா நீ?"

"அவளுக்கு ஆடணும்னு ஆசை."

"ஆடட்டுமே. நா வேணான்னா சொல்றேன்? நம்ம கிரவுண்ட்ல ஆடட்டும். நாளான்னிக்கு செவன்ஸ் ஃபைனல் கீது, அவள எறக்கறேன் பாரு."

கீழே தெருவிளக்கு எரிந்தது. டின்னி வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். போகிற வருகிற எல்லோருக்கும் தலையசைத்தார். எல்லோரும் தலையசைத்தார்கள். எனக்கு அந்தத் தெருவில் பிறந்தும் அவ்வளவு தலைகள் கிடைத்ததில்லை.

4

கிறிஸ்துமஸுக்கு மறுநாள், பக்கத்துக்கு ஏழு பேர் ஆடும் செவன்ஸ் இறுதிப் போட்டி. பள்ளிக்கூட மைதானத்தின் வாசலில் துணியில் எழுதிக் கட்டியிருந்தார்கள்: ‘உலகப் புகழ் பெற்ற அயர்லாந்துக் கால்பந்து வேந்தர் அவர்களே, வருக வருக’. எழுத்து அண்ணனுடையது. வேந்தர் அதற்குக் கீழே நின்று, அதில் என்ன இருக்கிறது என்று கேட்டார். "உங்கள் பெயர்" என்று சொல்லிவைத்தேன்.

பொன்னாடை போர்த்தினார்கள். ஜரிகை போட்ட கருஞ்சிவப்புச் சால்வை. நம் ஊரில் பொன்னாடையை எப்படி வாங்கிக்கொள்வது என்று நமக்கெல்லாம் தெரியும்: தோளில் பட்டதும் எடுத்து மடித்துப் பக்கத்தில் இருப்பவரிடம் கொடுத்துவிட வேண்டும், வீட்டுக்குப் போனதும் பீரோவில் வைத்து, அடுத்த விழாவில் இன்னொருவருக்குப் போர்த்த வேண்டும். டின்னிக்கு இது தெரியாது. அதை ஒழுங்காகச் சுற்றிக்கொண்டு, முன்பக்கம் முடிச்சும் போட்டு, கொளுத்துகிற வெயிலில் கடைசிவரை உட்கார்ந்திருந்தார். மறுநாள் காலைப் பூசைக்கும் அதோடுதான் வந்தார். நான் எடுத்துச் சொன்னபோது, "தொப்பியைத்தான் எங்கேயும் போட முடியவில்லை, இதையாவது போட்டுக்கொள்கிறேன்," என்றார்.

மேடையில் அவரைப் பேசச் சொன்னார்கள். நான் மொழிபெயர்ப்பு. அவர் சொன்னது இவ்வளவுதான்: அயர்லாந்துக்காக இரண்டு ஆட்டம் ஆடினேன். இரண்டிலும் தோற்றோம். கூப்பிட்டதற்கு நன்றி.

அண்ணன் கண்ணாலேயே என்னிடம் ஏதாவது கூட்டிச் சொல் என்றான். நான் உள்ளபடியே சொன்னேன். அப்புறம் பின்னாலிருந்து ஒரு மீனவர், தலையில் துண்டு கட்டியவர், எழுந்து கத்தினார்: "கவலப்படாத நைனா, நம்ம டீமும் அப்டித்தான் போய்க்கினு கீது." மைதானம் முழுவதும் கைதட்டல். எதற்குக் கைதட்டுகிறார்கள் என்று டின்னி கேட்டார். ஆறுதலுக்கு என்றேன். "நல்ல ஊர்," என்றார்.

இறுதிப் போட்டிக்கு முன்னால் காட்சிப் போட்டி ஒன்று. அண்ணன் சொன்னபடி அனுவை இறக்கினான். மற்றவர்கள் எல்லோரும் வெறுங்காலில். அவள் மட்டும் கார்க்கிலிருந்து கொண்டுவந்த முள் வைத்த பூட்ஸோடு மணலில் இரண்டடி ஓடி நின்றாள். குனிந்து அவிழ்த்து என் கையில் கொடுத்துவிட்டுப் போனாள். பிறகு ஓட ஆரம்பித்தாள். இடது கோட்டோரமாக, சுவரை ஒட்டி, மணல் தெறிக்க. ஒல்லியாக, கறுப்பாக, பின்னலை மேலே தூக்கிக் கட்டி, நம் தெருப்பெண் எவள் போலவும் இருந்தாள். பந்து வந்ததும் அப்படி இல்லை. அப்போது அவள் முகத்தில் நான் பார்த்தது எங்கள் குடும்பத்தில் எவர் முகத்திலும் பார்த்ததில்லை. அது எங்கிருந்து வந்தது என்று தேடினேன். பக்கத்தில் ஜரிகைச் சால்வைக்குள்ளிருந்து ஒரு குரல், தனக்குள்ளே பேசுவது போல, "ஓரமாக, இன்னும் ஓரமாக," என்றது.

5

அடுத்த நாள் மாநகராட்சி மண்டல அலுவலகம். நான் முழுத் தயாரிப்போடு போனேன். படிக்க ஒரு புத்தகம், தண்ணீர் பாட்டில், இரண்டு பிரதி எல்லாவற்றுக்கும், ஞானஸ்நானச் சான்றிதழ், பள்ளிச் சான்றிதழ். மனதுக்குள் ஒரு கட்டுரையே தயாராக இருந்தது: தாயகத்தில் ஒரு பெயருக்காக அலைந்த கதை. சாப்பாட்டு நேரம், ஆள் லீவு, தூசி படிந்த கட்டுக் கட்டான பதிவேடுகள், திங்கட்கிழமை வாங்க. விமானம் அதற்குள் கிளம்பிவிடும். அனுவுக்குப் பதினைந்து முடிந்துவிடும்; அதன் பிறகு பெயர் சேர்ப்பது எளிதல்ல என்று கேள்வி. நான் என்ன செய்ய முடியும், கண்ணு, நம் ஊர் அப்படி என்று சொல்லிவிடலாம்.

ஜன்னலில் ஒரு அம்மாள். தலையில் கனகாம்பரம். காகிதங்களைப் புரட்டிப் பார்த்தார்.

"இன்னா பேரு சார் கொழந்தைக்கு?"

"அனு. அனு மேரி."

"இவ்ளோ நாளா இன்னா பண்ணீங்க? சரி குடுங்க. கொழந்த எங்க?"

அனு எட்டிப் பார்த்தாள். அம்மாள் அவளை ஒரு பார்வை பார்த்தார். "கொழந்தையா இது? என்னவிட ஒயரமா கீது. உக்காரும்மா."

உட்கார்ந்தோம். மின்விசிறி மெல்லச் சுற்றியது. யாரோ யாரிடமோ மருமகளைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். நான் புத்தகத்தில் முன்னுரையைத் தாண்டவில்லை. அதற்குள் கூப்பிட்டுவிட்டார்கள். புதுச் சான்றிதழ், முத்திரை, கையெழுத்து, பெயர் எல்லாம் சரியாக இருந்தது. தலைப்பில் சென்னை மாநகராட்சி என்று புதிதாக அச்சடித்திருந்ததால் அந்தப் பக்கத்துச் சந்தேகமும் தீர்ந்தது.

"இவ்வளவுதானா?" என்றேன்.

"வேற இன்னா சார் வேணும்?"

வேறென்ன வேண்டும் என்று அந்த அம்மாளிடம் எப்படிச் சொல்வது? கொஞ்சம் அலைக்கழியுங்கள், நாளை வா என்று சொல்லுங்கள், ஒரு காகிதம் குறைகிறது என்று என் முகத்தில் வீசுங்கள். வாழ்நாள் முழுவதும் நான் திட்டிய ஓர் அலுவலகம், நான் நம்பியிருந்த ஒரே நாளில் வேலை செய்துவிட்டது.

6

மத்தியானம் சாப்பாட்டுக்குப் பிறகு சாந்தோமில் உலகம் நின்றுபோகும். அண்ணன் வீட்டுக் கூடத்தில் பாய் விரித்துப் படுத்தேன். கடல் சத்தம் சுவருக்குள்ளிருந்து வருவது போல் இருக்கும். கண் மூடினால் டின்னி ஓடுகிறார். இளவயது டின்னி, பச்சைச் சட்டை, தலையில் குஞ்சம் வைத்த தொப்பி. லஸ் முனையில் பந்தை வாங்கி, கச்சேரி ரோட்டில் திரும்பி, தண்ணீர் வற்றிய குளத்தின் படிகளில் இறங்கி மறுபக்கம் ஏறி, பூக்காரிகள் கூடையை இழுத்துக்கொள்ள, மாட்டைச் சுற்றி, தேர் நிற்கும் இடத்தைத் தாண்டி ஓடுகிறார். இரண்டு பக்கமும் ஜன்னல்களிலிருந்து இரண்டு கீதம் பாடுகிறார்கள். அவர் எதற்கும் நிற்கவில்லை. கோல் கம்பம் எங்கே என்று நான் தேடுகிறேன். கடல்வரை தெரு போய்க்கொண்டே இருக்கிறது, கம்பம் மட்டும் இல்லை.

விழித்தபோது உண்மையான டின்னி பக்கத்து நாற்காலியில் இருந்தார். சால்வை மடியில்.

"வேலை முடிந்துவிட்டதாமே," என்றார்.

"முடிந்துவிட்டது."

"துக்கம் விசாரிக்க வந்தேன்."

நான் எழுந்து உட்கார்ந்தேன். ரெஜினாவுக்கே தெரியாதது இவருக்கு எப்படித் தெரிந்தது என்று கேட்கவில்லை.

"பையா, என் முழங்காலைப் பற்றி எல்லோரிடமும் ஒரே கதைதான் சொல்வேன்," என்றார். "போய்விட்டது, அதனால் பதில் எழுதவில்லை என்று. அதில் ஒரு இடத்தை மட்டும் விட்டுவிடுவேன். மைதானத்தில் விழுந்து கிடந்தபோது, வலி உயிர் போகிறது, அதற்கு நடுவே எனக்கு முதலில் தோன்றியது: அப்பாடா, இனி எழுத வேண்டாம். அந்த நிம்மதி ஒரு வாரம் இருந்தது. அப்புறம் ஐம்பது வருடமாக, நான் என்ன எழுதியிருப்பேன் என்று யோசித்துக்கொண்டிருக்கிறேன். நோராவிடம் ஒன்று சொல்வேன், மதுக்கடையில் வேறொன்று சொல்வேன். எது உண்மை என்று எனக்கே தெரியாது. முழங்கால் எனக்காகச் சொல்லிவிட்டது."

மடியில் கிடந்த சால்வையை மடித்து வைத்தார்.

"உன் முழங்கால் நன்றாகத்தானே இருக்கிறது?" என்றார்.

சாயங்காலம் அனுவைக் கூட்டிக்கொண்டு பெசன்ட் நகர்க் கடற்கரைக்குப் போனேன். வெளிச்சம் கரைந்துகொண்டிருந்த நேரம். வேளாங்கண்ணி மாதா கோயில் விளக்குகள் ஏற்றியிருந்தார்கள். பஞ்சுமிட்டாய், சுண்டல், கைகோத்த ஜோடிகள், அலையில் கால் நனைத்து அலறும் குடும்பங்கள். எல்லோரும் கனவில் வருகிறவர்கள் போல ஓரம் மங்கித் தெரிந்தார்கள். அனு சுண்டலைப் பொட்டலத்திலிருந்து ஒவ்வொன்றாகத் தின்றாள்.

நான் சுற்றி வளைத்தேன். எனக்கு வேறு விதமாகப் பேசத் தெரியாது. குடியுரிமை என்றால் என்ன, விசா, பெரியப்பா வருத்தப்படுகிறார், நாளைக்குப் பெரியவளானதும் நீயே கேட்பாய். கடைசியில் நேராகவே கேட்டேன்.

"இந்தியாவுக்கு ஆடணும்னு உனக்குத் தோணலையா, கண்ணு?"

அவள் யோசித்தாள். கேலியாகச் சொல்லவில்லை, நியாயமாகவே கேட்டாள்.

"இந்தியா என்னைக் கூப்ட்டுச்சா, அப்பா?"

"இல்ல."

"அவங்க கூப்ட்டாங்க." ஒரு சுண்டல். "டின்னி சொல்லுது, கூப்ட்டா போகணும். கூப்டாத எடத்துக்கு வெயிட் பண்ணக் கூடாது."

டின்னியை அஃறிணையில் சொல்லிவிட்டாள். திருத்தவில்லை. எனக்கு வேறு ஒன்று ஓடிக்கொண்டிருந்தது. என்னை யார் கூப்பிட்டார்கள்? அயர்லாந்து ரெஜினாவைக் கூப்பிட்டது, நான் பின்னால் போனேன். மெட்ராஸ் என்னைப் போகாதே என்று சொல்லவில்லை. ஏழு வருடமாக நான் ஜன்னலைத் துடைக்காமல் நின்றுகொண்டு யாராவது கூப்பிடுவார்களா என்று பார்த்துக்கொண்டிருந்திருக்கிறேன். அது என் பிழைப்பு. இவளையும் அந்த ஜன்னலில் நிறுத்த வேண்டுமா?

"பேனா இருக்கா உங்கிட்ட?" என்றேன்.

"பீச்சுக்கு யாராவது பேனா கொண்டு வருவாங்களா, அப்பா?"

வீட்டுக்கு வந்து அண்ணனுடைய சாப்பாட்டு மேசையில் விண்ணப்பத்தை விரித்துக் கையெழுத்துப் போட்டேன். அண்ணன் எதிரில்தான் இருந்தான். தேர்வுத்தாள் திருத்திக்கொண்டிருந்தவன் நிமிரவில்லை. நான் கையெழுத்துப் போட்டு முடித்ததும் தன் சிவப்புப் பேனாவை மூடி வைத்துவிட்டு எழுந்து உள்ளே போனான். அன்றிரவு சாப்பிட வரவில்லை. நாங்கள் கிளம்பிய அன்று விமான நிலையத்துக்கு வந்தான். டின்னியைக் கட்டிக்கொண்டான், அனுவின் நெற்றியில் சிலுவை போட்டான், என்னிடம் பெட்டியின் எடையைப் பற்றி மட்டும் பேசினான்.

7

குடியுரிமைக் காகிதம் குளிர்காலம் முடியும்போது வந்தது. அவளுடைய இந்தியப் பாஸ்போர்ட்டைத் தபாலில் தூதரகத்துக்கு அனுப்பினேன். நீல உறைக்குள் பத்து வயதுப் படம், இரண்டு பின்னல், பயந்த கண். வரிசையில் எனக்கு முன்னால் நின்ற கிழவி தன் மகனுக்குக் கேக் அனுப்பினாள்.

போன ஞாயிற்றுக்கிழமை முதல் ஆட்டம். டப்ளினுக்கு வெளியே ஒரு மைதானம், வேலிக்குப் பின்னால் பெற்றோர்கள், ஒரு நாய். மழை வழக்கம் போல் விழுவதா வேண்டாமா என்று யோசித்துக்கொண்டிருந்தது. கீதம் பாடினார்கள். அனு வாயசைத்தாள், சொற்கள் அவளுக்குத் தெரியும் என்று எனக்குத் தெரியாது. ரெஜினா அழுதாள். நான் மூக்கைச் சிந்தினேன், சளி பிடித்திருந்தது. டின்னி எங்களுக்கு நடுவில் நேராக நின்றார், மூன்றாவது முறையாக.

முதல் பாதி முழுவதும் அவளை உட்கார வைத்திருந்தார்கள். இரண்டாம் பாதியில் இறக்கினார்கள். ஓரமாக ஓடினாள். இரண்டு முறை நன்றாகவே ஓடினாள். மூன்றாம் முறை ஒரு பெரிய பெண் மோதியதில் அனு கீழே விழுந்தாள். விசில் வரவில்லை. ஆட்டம் நான்குக்குப் பூஜ்யம். பூஜ்யம் எங்களுடையது.

வீடு வந்து சேர்ந்து கதவைத் திறக்கும்போதே தொலைபேசி மணி. அண்ணன். கையெழுத்துப் போட்ட நாளிலிருந்து அவனாகக் கூப்பிட்டதில்லை. ஐ.எஸ்.டி. பூத்திலிருந்து பேசுகிறான்; பின்னால் பஸ் சத்தம் கேட்டது, யாரோ கண்ணாடியைத் தட்டினார்கள்.

"இன்னாடா ஆச்சு?"

"தோத்துட்டாங்க அண்ணே. நாலு கோல்."

"அவ எறங்குனாளா?"

"செகண்ட் ஹாஃப்ல. நல்லா ஓடினா. ஒருத்தி தள்ளிவிட்டா, விழுந்துட்டா. ஃபவுல் குடுக்கல."

மீட்டர் ஓடிக்கொண்டிருக்கும், சிவப்பு எழுத்தில். அவன் கணக்கு வாத்தியார், அதைப் பார்த்துக்கொண்டுதான் இருப்பான். நான் காத்திருந்தேன்.

"ரெஃப்ரி எந்த ஊர்க்காரன்டா?" என்றான் அண்ணன். "அவன் மூஞ்சியும் மொகரையும். நம்ம புள்ளைய தள்ளிவுட்டுட்டுப் போறா, நின்னு வேடிக்க பாத்துக்கினு இருந்தானா?"